லெம்முக்குத் தீர்க்கதரிசி என்ற பட்டம் போதாது

கல்லணை எழுதியது:

போலந்து எழுத்தாளர் ஸ்டானிஸ்லாவ் லெம் பற்றிப் பேச்செடுத்தாலே ஒரு பட்டியல் வந்து விழுகிறது. மின்நூலை 1961-இலேயே எழுதிவிட்டார், மெய்நிகர் உலகை 1964-இலேயே விளக்கிவிட்டார், கவிதை எழுதும் இயந்திரத்தை 1965-இலேயே படைத்துவிட்டார். பட்டியலில் தவறில்லை. ஆனால் அரை நூற்றாண்டு உழைத்த ஒரு சிந்தனையாளரை, சொன்னது பலித்ததா என்று மட்டும் பார்த்து அளப்பது எனக்குப் பெரிய ஆற்றாமையைத் தருகிறது. அதனால்தான் இந்த இழையைத் தொடங்குகிறேன்.

மின்நூலையே எடுத்துக்கொள்வோம். 'விண்மீன்களிலிருந்து திரும்புதல்' நாவலின் நாயகன் ஹால் பிரெக் விண்கலத்தில் 10 ஆண்டுகளைக் கழித்துவிட்டு ஊர் திரும்புகிறான். பூமியில் அதற்குள் 127 ஆண்டுகள் ஓடிவிட்டன. புத்தகக் கடைக்குப் போகிறான். தாளில் அச்சான நூல் ஒன்றுகூட அங்கே இல்லை. எல்லாம் சிறு சிறு பளிங்குகள். அவற்றை 'ஆப்டன்' என்ற கருவியில் வைத்துப் படிக்க வேண்டும். இரண்டு அட்டைகளுக்கு நடுவே ஒரே ஒரு பக்கம். தொட்டால் அடுத்த பக்கம் தெரியும். அதையும் பெரும்பாலோர் வாங்குவதில்லை. வாசித்துக் காட்டும் 'லெக்டன்' போதும் என்கிறார்கள், அதில் குரலையும் வேகத்தையும் வேண்டியபடி மாற்றிக்கொள்ளலாம். இந்தப் பத்தியை மட்டும் வெட்டியெடுத்து எல்லோரும் பகிர்கிறார்கள்.

அந்த நாவலின் மையம் வேறு. அந்த உலகில் எல்லோருக்கும் சிறு வயதிலேயே ஒரு சிகிச்சை அளிக்கப்படுகிறது. பிற உயிரைக் கொல்லும் உந்துதல் அதோடு ஒழிந்துவிடுகிறது. போர் இல்லை, கொலை இல்லை. கூடவே, துணிந்து எதிலும் இறங்கும் குணமும் இல்லை. விண்வெளிக்குப் போகும் ஆசை யாருக்கும் கிடையாது. போய்வந்தவர்களை விலங்கைப் பார்ப்பதுபோல் பார்க்கிறார்கள். அதே நாவலில், கழித்துக்கட்டப்பட்ட ரோபோக்கள் உருக்கப்படுவதற்காகக் குவித்து வைக்கப்பட்டிருக்கும் இடத்துக்குள் பிரெக் நுழையும் காட்சி ஒன்று உண்டு. இருட்டில் அவை முணுமுணுக்கின்றன. சில பிரார்த்தனை செய்கின்றன. சில, தங்களிடம் பழுது எதுவும் இல்லை என்று அவனிடம் மன்றாடுகின்றன. வன்முறையை ஒழித்துவிட்டோம் என்று நிம்மதியாக வாழும் நகரத்துக்கு அந்தச் சத்தம் எட்டுவதே இல்லை.

தொழில்நுட்பம் நாம் கேட்டதைக் கேட்டபடியே கொடுத்துவிட்டால் நம் சமூகம் என்ன ஆகும்? லெம்மின் எழுத்து வாழ்க்கை முழுவதையும் இந்தக் கேள்வியை வைத்துத்தான் படிக்க வேண்டும் என்பது என் கட்சி. 1971-இல் வெளியான 'எதிர்காலவியல் மாநாடு' இன்னும் கூர்மையானது. மக்கள்தொகை பெருகி உலகமே நொறுங்கிக்கிடக்கிறது, ஆனால் காற்றில் கலந்த மருந்துகளால் எல்லோரும் செழிப்பைக் காண்கிறார்கள். ஒரு மருந்தை முறித்தால் அதற்கு அடியில் இன்னொரு மருந்து காட்டிய பொய் தெரிகிறது. இதில் எந்தக் கருவி இன்று சந்தைக்கு வந்துவிட்டது என்று தேடுவது வீண் வேலை.

மின்பொறியாளர் எழுதியது:

கல்லணை ஐயா, உங்கள் ஆற்றாமை புரிகிறது. ஆனால் கணிப்பை இவ்வளவு தாழ்வாகப் பேசுவதை என்னால் ஏற்க முடியவில்லை. நான் கட்டுப்பாட்டுக் கருவிகள் துறையில் வேலை செய்பவன். என்னைப் போன்றவர்களுக்கு லெம் முதலில் 'சுமா டெக்னாலஜியே' எழுதியவர், நாவலாசிரியர் என்பது அதற்குப் பிறகுதான்.

1964-இல் வந்த அந்த நூலில் கதையே கிடையாது. உயிரினங்களின் பரிணாமத்தையும் தொழில்நுட்பத்தின் பரிணாமத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து, இரண்டும் எங்கே ஒத்துப்போகின்றன, எங்கே பிரிகின்றன என்று ஆராய்கிறார். ஒரு நாகரிகம் தான் சேர்த்த அறிவின் பாரத்திலேயே எப்படி மூச்சுத் திணறும் என்று கணக்குப் போடுகிறார். அதில் 'ஃபான்டோமாட்டிக்ஸ்' என்ற பெயரில் மெய்நிகர் உலகம் வருகிறது. வருகிறது என்பதோடு நிற்கவில்லை. அந்த இயந்திரத்துக்குள் இருக்கும் ஒருவன் வெளியே வந்துவிட்டதாக நினைத்தால், அந்த வெளியே வருதலும் இயந்திரம் காட்டிய காட்சியா இல்லையா என்று அவன் எதை வைத்துச் சோதிப்பான்? சாதனம் உருவாகும் முன்பே சாதனத்தின் சிக்கலை வகுத்துக் காட்டுகிறார். பொறியியலில் இதைவிட மதிப்புள்ள வேலை எது?

அந்தக் காலத்தில் இதை யாரும் மெச்சவில்லை. போலந்தின் பெரிய தத்துவ அறிஞர் லெஷெக் கோவகோவ்ஸ்கி அந்நூலைக் கடுமையாக விமர்சித்தார். ஏறத்தாழ முப்பது ஆண்டுகள் கழித்து, 1991-இல், மெய்நிகர் தொழில்நுட்பம் நடைமுறைக்கு வந்துகொண்டிருந்தபோது லெம் அதற்குப் பதில் எழுதினார். அவரே தன் கணிப்புகள் பலித்ததைப் பெரிதாக எண்ணியவர்தான். அவர் பெருமையாகக் கருதியதை நாம் ஏன் ஒதுக்க வேண்டும்?

நெய்தல் எழுதியது:

இருவரும் லெம்மை உயரமான இடத்தில் வைத்தே பேசுகிறீர்கள். எனக்கு ஒரு மனக்குறை உண்டு, அதைச் சொல்லாமல் இந்த உரையாடலில் சேர முடியாது.

சமூகம், சமூகம் என்கிறோம். அவருடைய விண்கலங்களில் பெண்கள் எங்கே? 'வெல்ல முடியாதது' நாவலில் ஒரு பெரிய கலம் நிறைய ஆட்கள், அத்தனை பேரும் ஆண்கள். விண்கல விமானி பிர்க்ஸை நாயகனாக வைத்து அவர் எழுதிய கதைகளிலும் இதே கதிதான். ஆய்வுக்கூடத்திலும் ஆண்கள், படைத்துறையிலும் ஆண்கள். நீங்கள் புகழும் 'விண்மீன்களிலிருந்து திரும்புதல்' நாவலில் பிரெக் ஒரு மணமான பெண்ணைக் கிட்டத்தட்டக் கவர்ந்துகொண்டு போகிறான். வன்முறை ஒழிந்த சமூகத்தின் குறை என்ன என்று காட்ட வந்த நாவல், அந்தப் பெண்ணின் அச்சத்துக்கு என்ன மதிப்புக் கொடுக்கிறது? நான் அந்தப் பக்கங்களைப் படித்தபோது மிகவும் சங்கடப்பட்டேன்.

'சோலாரிஸ்' மட்டும் விதிவிலக்கு. அங்கே ஹேரி இருக்கிறாள். கெல்வினின் மனைவி, பத்தொன்பது வயதில் தற்கொலை செய்துகொண்டவள், கோளைச் சூழ்ந்த பெருங்கடலால் அவன் நினைவிலிருந்து மறுபடி உருவாக்கப்பட்டு வந்து நிற்கிறாள். முதலில் அவள் வெறும் நினைவின் நகல்தான். தான் யார் என்று அவளுக்கே தெரியாது. அவனை விட்டு ஒரு நிமிடம் பிரிந்தால் கதவைப் பெயர்த்துக்கொண்டு வருகிறாள், ஏன் வந்தேன் என்று அவளுக்குச் சொல்லத் தெரியவில்லை. பிறகு கொஞ்சம் கொஞ்சமாகத் தன்னைப் பற்றித் தெரிந்துகொள்கிறாள். திரவ ஆக்சிஜனைக் குடித்துச் சாகப் பார்க்கிறாள், அதுவும் முடியவில்லை. கடைசியில் தன்னை அழிக்கும் முடிவை அவளே எடுக்கிறாள், கெல்வினுக்குத் தெரியாமல். ஒருவரின் விருப்பத்துக்காக உருவாக்கப்பட்ட உயிருக்குத் தன்விருப்பம் உண்டா? இந்தக் கேள்வியை ஒரு பெண் பாத்திரத்தின் வழியாக லெம்மால் இவ்வளவு ஆழமாகக் கேட்க முடிந்திருக்கிறது. முடிந்தவர் மற்ற நூல்களில் ஏன் செய்யவில்லை என்பதுதான் என் வருத்தம்.

கல்லணை எழுதியது:

நெய்தல் அக்கா, நீங்கள் சொன்ன குறைக்கு என்னிடம் மறுப்பு இல்லை. பிரெக் விஷயத்தில் நாவல் அவன் பக்கமே சாய்கிறது, அது நாவலின் பலவீனம்.

மின்பொறியாளருக்கு ஒரு பதில். லெம் ஏன் இப்படி யோசித்தார் என்பதற்கு அவர் வாழ்க்கையைப் பார்க்க வேண்டும். 1921-இல் லுவோவ் நகரில் பிறந்தவர். அன்று அது போலந்து, இன்று உக்ரைனின் லிவிவ். வசதியான யூதக் குடும்பம், தந்தை தொண்டை மருத்துவர். போரின்போது அந்த நகரத்தைச் சோவியத் படை பிடித்தது, பிறகு நாஜிகள் பிடித்தார்கள், பிறகு மறுபடி சோவியத். லெம் பொய்ச் சான்றிதழ்களோடு, ஒரு ஜெர்மன் நிறுவனத்தில் வாகன மெக்கானிக்காகவும் வெல்டராகவும் வேலை பார்த்து உயிர் பிழைத்தார். உறவினர்களில் பலர் பிழைக்கவில்லை. அந்த நாட்களைப் பற்றி அவர் வெளிப்படையாக எழுதியது மிகக் குறைவு.

ஆனால் 1968-இல் வந்த 'எஜமானரின் குரல்' நாவலில் ராப்பபோர்ட் என்ற விஞ்ஞானி ஒரு நிகழ்ச்சியைச் சொல்கிறார். சிறை முற்றத்தில் ஆட்களைக் கூட்டம் கூட்டமாகச் சுட்டுக்கொண்டிருக்கிறார்கள். தன் முறைக்காக நிற்கும் அவர், அஞ்சாமல் இருக்க ஒரு வழி கண்டுபிடிக்கிறார். மறுபிறவியை நம்பத் தொடங்குகிறார், எதிரே நிற்கும் இளம் ஜெர்மன் அதிகாரியாகவே அடுத்த கணம் பிறக்கப்போவதாக எண்ணிக்கொள்கிறார். அப்போது ஒரு படப்பிடிப்புக் குழு வருகிறது, சுடுவது நிற்கிறது, அவர் பிழைக்கிறார். காரணம் எதுவும் இல்லை. லெம்மின் வாழ்க்கையை ஆராய்ந்தவர்கள் இது லுவோவில் அவருக்கே நேர்ந்த அனுபவத்தின் வேறு வடிவம் என்கிறார்கள்.

தற்செயல் ஒருவனைக் கொல்கிறது, பக்கத்தில் நிற்பவனைக் காப்பாற்றுகிறது. இதைக் கண்ணால் கண்டவர் எதிர்காலத்தைக் கணிப்பதில் எவ்வளவு நம்பிக்கை வைத்திருக்க முடியும்? 'எஜமானரின் குரல்' நாவலின் கதையே அதற்குச் சான்று. விண்ணிலிருந்து நியூட்ரினோக் கற்றையாக ஒரு செய்தி வருகிறது. நெவாடா பாலைவனத்தில், ராணுவக் காவலோடு, நாட்டின் சிறந்த மூளைகளைக் கூட்டி வைத்து அதைப் படிக்கச் சொல்கிறார்கள். செய்தியின் ஒரு துணுக்கிலிருந்து, வெடிப்பின் ஆற்றலைத் தொலைவில் இருக்கும் ஓரிடத்துக்கு நொடியில் அனுப்பும் வழி கிடைத்துவிட்டதோ என்று கணிதவியலாளர் ஹோகார்த்துக்குச் சந்தேகம் வருகிறது. ராணுவத்துக்குத் தெரியாமல் அவரும் ஒரு சக விஞ்ஞானியும் இரவில் சோதனை செய்கிறார்கள். தொலைவும் ஆற்றலும் கூடக் கூட வெடிப்பு எங்கே நிகழும் என்பது தெரியாமல் போகிறது, ஆகவே ஆயுதமாகாது என்று தெரிந்து பெருமூச்சு விடுகிறார்கள். செய்தி கடைசிவரை படிக்கப்படவில்லை. வந்த கடிதத்தைவிட, அதைப் படிக்க உட்கார்ந்தவர்கள் யாருடைய சம்பளத்தில் உட்கார்ந்தார்கள் என்பதே லெம்முக்கு முக்கியமாக இருந்திருக்கிறது.

பழைய நூலகன் எழுதியது:

இந்த இழையில் அவருடைய 1950-களை யாரும் தொடவில்லை. அதைத் தொடாமல் அவர் எழுத்து வாழ்க்கையைப் பேசுவது நியாயமில்லை.

போருக்குப் பின் குடும்பம் எல்லாவற்றையும் இழந்து கிராக்கோவுக்கு வந்தது. லெம் யாகியெல்லோனியப் பல்கலைக்கழகத்தில் மருத்துவம் படித்தார். இறுதித் தேர்வுகளை முடிக்கவில்லை. முடித்திருந்தால் ராணுவ மருத்துவராகப் போக வேண்டியிருந்திருக்கும். மியெச்சிஸ்வாவ் ஹொய்னோவ்ஸ்கி நடத்திய அறிவியல் ஆய்வு வட்டத்தில் உதவியாளராக இருந்தார். அங்கேதான் வெளிநாட்டிலிருந்து வந்த நூல்கள் கைக்குக் கிடைத்தன. உயிர்களிலும் இயந்திரங்களிலும் கட்டுப்பாடும் தகவலும் இயங்கும் விதத்தை ஆராயும் சைபர்நெட்டிக்ஸ் துறை பற்றிய நோர்பர்ட் வீனரின் நூலை அகராதியைப் புரட்டிப் புரட்டிப் படித்தார், ஆங்கிலமும் அப்படித்தான் வந்தது.

1948-இல் எழுதி முடித்த 'உருமாற்ற மருத்துவமனை' அறிவியல் புனைகதையே அல்ல. நாஜிகள் ஒரு மனநல மருத்துவமனையை அழிப்பதைச் சொல்லும் நாவல். தணிக்கை அதைத் தடுத்தது. திருத்து, சேர், மாற்று என்று வார்சாவுக்கு அலைக்கழித்தார்கள். அதைச் சமன்செய்ய மேலும் இரண்டு பாகங்கள் எழுத வைத்தார்கள், 1955-இல்தான் மூன்றும் சேர்ந்து வெளிவந்தன. இடையில் 1951-இல் வந்த 'விண்வெளி வீரர்கள்' அவரைப் பிரபலமாக்கியது. வருங்காலப் பொதுவுடைமை உலகத்தின் வெளிச்சமான படம் அது. பிற்காலத்தில் அவரே அந்நூலை மதிக்கவில்லை. அடுத்த நாவலில் சைபர்நெட்டிக்ஸ் வருகிறது, ஆனால் வேறு பெயரில். முதலாளித்துவப் போலி அறிவியல் என்று அத்துறைக்கே அப்போது முத்திரை குத்தியிருந்தார்கள்.

ஆக, அறிவியல் புனைகதைக்கு அவர் போனதற்குத் தணிக்கையும் ஒரு காரணம் என்பதே என் கருத்து. நேரே எழுத முடியாததை வேறு கோளுக்குக் கொண்டுபோனார்.

சுதந்திர உலகம் அவரை நடத்திய விதத்தையும் சொல்லிவிடுகிறேன். அமெரிக்க அறிவியல் புனைகதை எழுத்தாளர் சங்கம் 1973-இல் கௌரவ உறுப்பினராக்கியது. அமெரிக்க அறிவியல் புனைகதைகளில் பெரும்பகுதி வணிகச் சரக்கு என்று அவர் எழுதியதும் கொதிப்பு கிளம்பியது. 1976-இல் கௌரவ உறுப்பினர் பதவி பறிக்கப்பட்டது. விதிமுறைக் காரணம் ஒன்று காட்டினார்கள், எழுந்த கோபம் எதனால் என்பது எல்லோருக்கும் தெரியும். உர்சுலா லெ குவின் கண்டித்தார், அச்சங்கம் வழங்கும் நெபுலா விருதுப் போட்டியிலிருந்து தன் கதையையே திரும்பப் பெற்றார். லெம் அங்கே மனமாரப் பாராட்டிய எழுத்தாளர் ஃபிலிப் கே. டிக். அந்த டிக் 1974-இல் எஃப்.பி.ஐ.-க்குக் கடிதம் எழுதி, லெம் என்பது தனிமனிதர் அல்ல, பொதுவுடைமைக் கட்சி அமைத்த குழுவாக இருக்கலாம் என்றார். இத்தனைக்குப் பிறகும் டிக் மீதான தன் மதிப்பை லெம் மாற்றிக்கொள்ளவில்லை. அந்த நேர்மைக்காகவே எனக்கு அவரைப் பிடிக்கும்.

புது வாசகர் எழுதியது:

வணக்கம். நான் தர்கோவ்ஸ்கியின் 'சோலாரிஸ்' படம் மட்டும் பார்த்திருக்கிறேன். ஆங்கிலத்தில் படிக்க முடியும். எதிலிருந்து தொடங்கலாம் என்று பெரியவர்கள் சொன்னால் உதவியாக இருக்கும்.

நெய்தல் எழுதியது:

தம்பி, படத்தை மறந்துவிட்டு 'சோலாரிஸ்' நாவலையே எடுங்கள். 1972-இல் வந்த அந்தப் படத்துக்காக லெம்மும் இயக்குநரும் மாஸ்கோவில் வாரக்கணக்கில் சண்டையிட்டார்கள். படம் குற்ற உணர்ச்சியின் கதையாகிவிட்டது என்பது லெம்மின் குறை. நாவலில் கடலுக்கு நிறைய இடம் உண்டு. அந்தக் கடலை ஆராயத் தலைமுறை தலைமுறையாக எழுதிக் குவித்த நூல்கள், கோட்பாடுகள், சண்டைகள், சலிப்பு என்று ஒரு துறையின் முழு வரலாற்றையே எழுதியிருப்பார். கதை நின்றுவிட்டதே என்று அந்தப் பக்கங்களைத் தாண்டிவிடாதீர்கள். பிறகு 'சைபீரியாட்' கதைத் தொகுப்பைப் படியுங்கள், மைக்கேல் காண்டல் மொழிபெயர்ப்பில். 'சுமா'வைக் கடைசியில் வைத்துக்கொள்ளுங்கள்.

மின்பொறியாளர் எழுதியது:

'சைபீரியாட்' பேச்சு வந்ததால் மறுபடி எழுதுகிறேன். அதில் டுரூல் என்ற கண்டுபிடிப்பாளன் கவிதை எழுதும் இயந்திரம் செய்யப் புறப்படுகிறான். சைபர்நெட்டிக்ஸ் நூல்கள் 820 டன், சிறந்த கவிதைகள் 12,000 டன் சேர்க்கிறான். படித்துப் பார்த்தபின் அவனுக்கு ஒன்று புரிகிறது. கவிஞனின் தலைக்குள் இருக்கும் நிரலை அவன் பிறந்த நாகரிகம் எழுதியது. அந்த நாகரிகத்தை அதற்கு முந்தையது எழுதியது. ஆகவே ஒரு கவிஞனைச் செய்ய, பிரபஞ்சத்தின் தொடக்கத்திலிருந்து எல்லாவற்றையும் இயந்திரத்துக்குள் மறுபடி நடத்திக்காட்ட வேண்டும். நடத்துகிறான். இயந்திரம் எழுதத் தொடங்கியதும் கவிஞர்கள் கொதிக்கிறார்கள், போராடுகிறார்கள், சிலர் உயிரையும் விடுகிறார்கள்.

மனிதர் எழுதியதை எல்லாம் டன் கணக்கில் ஊட்டிப் பேசவைத்த இயந்திரங்கள் இன்று நம் எல்லோர் கையிலும் இருக்கின்றன. கல்லணை ஐயா, இதையும் வீண் பட்டியல் என்பீர்களா? 1965-இல் எழுதிய ஒருவர், கருவி வரும் என்பதோடு, அது வந்தால் யாருக்குப் பிழைப்பு போகும், யார் எப்படிக் கோபப்படுவார்கள் என்பதையும் சேர்த்து எழுதியிருக்கிறார். கணிப்பும் சமூகச் சிந்தனையும் இங்கே ஒன்றாகத்தான் இருக்கின்றன. நீங்கள் இரண்டையும் பிரிப்பதுதான் எனக்கு உடன்பாடில்லை.

கல்லணை எழுதியது:

இந்த எடுத்துக்காட்டை ஏற்கிறேன். இங்கே இரண்டும் பிரியவில்லை. ஆனாலும் என் பக்கத்துக்கு ஒரு கதையைச் சொல்கிறேன், உங்கள் தொழிலுக்கு மிக அருகில் இருப்பது.

பிர்க்ஸ் கதைகளில் 'விசாரணை' என்று ஒன்று. மனிதரைப் போலவே தோற்றம் கொண்ட செயற்கை விண்வெளி ஊழியர்களைச் சில நிறுவனங்கள் தயாரித்துவிட்டன. சந்தைக்கு விடும் முன் சோதனைப் பயணம் வேண்டும். கலத் தலைவராக பிர்க்ஸ் அமர்த்தப்படுகிறார். ஊழியர்களில் யார் மனிதர், யார் இயந்திரம் என்று அவருக்குச் சொல்வதில்லை. பயணம் முடிந்ததும் மதிப்பீட்டு அறிக்கை கொடுக்க வேண்டும். அவர் சாதகமாக எழுத வேண்டும் என்று விரும்புகிறவர்களும் இருக்கிறார்கள், எழுதக் கூடாது என்று விரும்புகிறவர்களும் இருக்கிறார்கள், இருபுறமும் நெருக்கடி. ஊழியர்கள் ஒவ்வொருவராக அவரிடம் வந்து, நான் மனிதன், நான் மனிதன் அல்ல என்று இரகசியம் சொல்கிறார்கள். எதை நம்புவது?

சனிக் கோளின் வளையங்களுக்கு நடுவே உள்ள காசினி இடைவெளியில் நெருக்கடி வருகிறது. விமானியாக இருக்கும் செயற்கை மனிதன், பிர்க்ஸ் என்ன ஆணையிடுவார் என்று கணக்குப் போட்டு வைத்திருக்கிறான். ஆணையிட்டால் மனிதர் இறப்பார்கள், தான் மட்டும் தாக்குப்பிடிப்பான், பழி பிர்க்ஸ் மேல் விழும். பிர்க்ஸ் ஆணையிடவில்லை. துணிச்சலால் அல்ல, என்ன செய்வது என்று தெரியாமல் வாயடைத்து இருந்துவிடுகிறார். அந்த மௌனத்தை இயந்திரம் கணக்கில் சேர்க்கவே இல்லை. அதன் திட்டம் அங்கே குலைகிறது.

இந்தக் கதையில் எந்தச் சாதனமும் பலித்துவிட்டதா என்று நான் பார்க்கவில்லை. தயாரிப்பாளர் அவசரப்படும் ஒரு பொருளுக்குச் சான்றிதழ் கொடுக்க ஒரு மனிதரை உட்காரவைத்து, அவருக்குத் தெரிய வேண்டியதை மறைத்து, கையெழுத்தை மட்டும் கேட்பதைப் பார்க்கிறேன். சோதனை அறிக்கைகளில் கையெழுத்துப் போடும் பொறுப்பில் நீங்கள் இருந்திருந்தால், மின்பொறியாளரே, பிர்க்ஸ் அந்தப் பயணத்துக்கு முதலிலேயே ஒப்புக்கொண்டது சரியா என்று உங்கள் கருத்தைச் சொல்லுங்கள். எனக்கு அது சரியாகப் படவில்லை. ஆனால் அவர் மறுத்திருந்தால், கேட்டபடி எழுதிக்கொடுக்கும் வேறு ஒருவரைத்தான் அனுப்பியிருப்பார்கள்.